எக்ரோன் அரசனும் எருசலேம் அரசனும்

பெருவேந்தர்களின் வரலாற்றை நாம் விரும்பிப் படிக்கிறோம். அவர்களுக்குத் திறை செலுத்திய சிற்றரசர்களின் வரலாற்றைத் தேடிப் படிப்போர் மிகச் சிலரே. சிற்றரசன் என்றால் ஆண்டுக்கொரு முறை பொன்னும் வெள்ளியும் அனுப்பிவிட்டு, எஞ்சிய நாளெல்லாம் கவலையின்றிக் காலங்கழித்தவன் என்று எண்ணிவிடுகிறோம். என் வகுப்பிலே விவிலிய நாட்டு வரலாற்றைச் சொல்லிக்கொண்டிருந்தபோது ஒரு மாணவன் எழுந்து, “திறையைக் கட்டிவிட்டால் போர் வராதே, ஐயா. பிறகு ஏன் இந்த அரசர்கள் கலகம் செய்தார்கள்?” என்று கேட்டான். கேள்வி எளியது, விடை எளியதன்று. நான் தொடங்குமுன் மணி அடித்துவிட்டது. அன்று சொல்ல இயலாமற்போனதை இன்று சொல்ல முயல்கிறேன்.

முதலில் திறை என்பது யாருடைய பணம் என்று பார்ப்போம். கி. மு. எட்டாம் நூற்றாண்டில் இஸ்ரவேல் நாட்டை ஆண்ட மெனாகேம், அசீரியப் பேரரசன் திகிலாத்பிலேசருக்கு 1,000 தாலந்து வெள்ளி கொடுத்தான் என்றும், அதற்காகத் தன் நாட்டுச் செல்வர்களிடம் தலைக்கு 50 சேக்கல் தண்டினான் என்றும் அரசர் வரலாற்று நூல் கூறுகிறது. ஒரு தாலந்துக்கு 3,000 சேக்கல். கணக்கிட்டுப் பாருங்கள்: அறுபதினாயிரம் பேரிடம் கைநீட்டியிருக்கிறான். நிறுத்துப் பார்த்தால் ஏறத்தாழ முப்பது டன் வெள்ளி! திறை அரசனின் பெட்டியிலிருந்து போகவில்லை, மக்களின் வீட்டிலிருந்து போயிற்று. அதைத் தண்டுகிற அரசன் தன் மக்களுக்கே பகைவனாகிறான்; தண்ட மறுத்தால் பேரரசனுக்குப் பகைவனாகிறான்.

யூதா நாட்டு அரசனாகிய ஆகாஸ் இந்த வலையிலே தானாகவே சென்று விழுந்தான். தமஸ்குவின் அரசன் ரேத்சீனும் இஸ்ரவேலின் அரசன் பெக்காவும் கூடி எருசலேமை முற்றுகையிட்டபோது, அவன் திகிலாத்பிலேசருக்குத் தூதனுப்பித் தன்னை அவனுடைய அடிமை என்றும் மகன் என்றும் சொல்லிக்கொண்டான். ஆலயத்துப் பொன்னும் வெள்ளியும் காணிக்கையாகச் சென்றன. கி. மு. 732-இல் தமஸ்கு வீழ்ந்தது; ரேத்சீன் கொல்லப்பட்டான். ஆகாஸ் அங்கே சென்று பேரரசனைக் கண்டு வணங்கினான். பகை நீங்கிற்று. ஆனால் அடிமை, மகன் என்னும் அவ்விரு சொற்களும் அன்றைய அரசியலில் வெறும் பணிவுரை அல்ல. தன்னைக் கட்டிவைக்கும் சொற்கள்.

அவ்வாறு கட்டிவைத்த உடன்படிக்கைகள் எப்படிப்பட்டவை என்பதற்குச் சான்று கிடைத்திருக்கிறது. அசீரியப் பேரரசன் எசரத்தோன் கி. மு. 672-இல், தன் மகன் அசுர்பானிபாலுக்கு உண்மையாயிருப்போம் என்று சிற்றரசர்களிடம் வாங்கிய ஆணையின் களிமண் பலகைகள் 1955-இல் நிம்ரூதில் துண்டு துண்டாகக் கிடைத்தன. 2009-இல் துருக்கி நாட்டிலும் ஒரு படி அகப்பட்டது. அதில் திறையைப் பற்றிய பேச்சைவிட உள்ளத்தைப் பற்றிய பேச்சே மிகுதி. இளவரசனைத் தன்னைப் போலவே நேசிக்க வேண்டும். அவனுக்கு எதிராக ஒரு சொல் காதில் விழுந்தாலும், சொன்னவன் உடன்பிறந்தவனாயினும் பெற்ற மகனாயினும், மறைக்காமல் அறிவிக்க வேண்டும். தவறினால் வரக்கூடிய சாபங்கள் பக்கம் பக்கமாக நீள்கின்றன. உபாகம நூலின் சாபப் பகுதியோடு இவற்றை ஒப்பிட்டு அறிஞர் பலர் எழுதியுள்ளனர். அன்பையும் ஆணையிட்டு வாங்கினார்கள் என்பதே எனக்கு வியப்பு.

இனி அந்த மாணவனின் கேள்விக்கு வருவோம். கி. மு. 705-இல் பேரரசன் சர்கோன் போர்க்களத்தில் மாண்டான். அவனுடைய உடலும் மீட்கப்படவில்லை. இச்செய்தி எட்டியதும் பேரரசின் நாலா புறமும் சலசலப்புத் தோன்றியது. புதிதாக அரியணை ஏறிய சனகெரிப் வல்லவனா என்று யாருக்குத் தெரியும்? எகிப்து துணை வருவதாகச் சொல்லிற்று. ஆகாசின் மகன் எசேக்கியா திறையை நிறுத்தினான். ஆத்திரத்தில் செய்தான் என்று சொல்வதற்கில்லை. மலையைக் குடைந்து ஏறத்தாழ 533 மீட்டர் நீளத்துக்குச் சுரங்கம் அமைத்து, ஊருக்கு வெளியே இருந்த ஊற்றின் நீரை மதிலுக்குள் கொண்டுவந்ததாகக் கூறப்படுபவன் அவன். எண்ணித் துணிந்தான் என்றே தோன்றுகிறது.

அவனுக்கு மேற்கே பெலிஸ்தரின் ஊராகிய எக்ரோனில் பாடி என்றோர் அரசன் இருந்தான். விவிலியத்தில் அவன் பெயர் இல்லை. சனகெரிப்பின் கல்வெட்டிலேதான் உண்டு. பாடி தான் செய்த ஆணையை மீற மறுத்தான். எக்ரோனின் தலைவர்களும் மக்களும் அவனுக்கு இரும்பு விலங்கிட்டு எசேக்கியாவிடம் ஒப்படைத்துவிட்டனர். ஆணையைக் காத்த குற்றத்துக்காக ஓர் அரசன் எருசலேமில் சிறையிருந்தான். எசேக்கியாவை நாம் நல்லரசன் என்று படித்திருக்கிறோம், அவன் நல்லரசன்தான். ஆனால் அவனுடைய சிறையில் பாடி இருந்ததையும் சேர்த்தே படிக்க வேண்டும்.

கி. மு. 701-இல் சனகெரிப் வந்தான். துணைக்கு வந்த எகிப்தியப் படை எல்தெக்கேயில் தோற்றது. எக்ரோனின் தலைவர்களைக் கொன்று, பிணங்களை ஊரைச் சுற்றிக் கழுமரங்களில் தொங்கவிட்டான். யூதாவின் 46 அரண் சூழ்ந்த ஊர்களைப் பிடித்ததாகவும், 2,00,150 பேரைச் சிறைகொண்டதாகவும் அவனே எழுதிவைத்தான். தொகை மிகைப்பட்டதாயிருக்கலாம், துன்பம் மிகைப்பட்டதன்று. லாகீசு நகரின் வீழ்ச்சியைத் தன் நினிவே அரண்மனைச் சுவரில் செதுக்குவித்தான். அச்சிற்பங்கள் இன்று இலண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் உள்ளன. மூட்டைகளைச் சுமந்தும், மாட்டு வண்டிகளில் பெண்டு பிள்ளைகளை ஏற்றியும் மக்கள் ஊரைவிட்டுச் செல்வதை அதிலே காணலாம். திறை செலுத்தத் தலைக்கு இவ்வளவென்று கொடுத்தவர்களும் இத்தகையோரே. செலுத்தாததற்காக ஊரை இழந்தவர்களும் இத்தகையோரே.

எருசலேம் மட்டும் வீழவில்லை. எசேக்கியாவைப் பறவையைக் கூண்டிலடைத்தது போல் அடைத்ததாகச் சனகெரிப் பெருமை பேசுகிறான். கூண்டைத் திறந்து பறவையைப் பிடித்ததாகப் பேசவில்லை. கடவுளின் தூதன் அசீரியப் பாளையத்தை ஒரே இரவில் அழித்தான் என்கிறது விவிலியம். இரண்டு சான்றுகளும் ஒன்றில் மட்டும் அழகாக ஒத்துப்போகின்றன: எசேக்கியா கொடுத்த பொன் 30 தாலந்து. வெள்ளியில் வேறுபாடு உண்டு. ஒன்று 300 என்கிறது, மற்றொன்று 800 என்கிறது. வாங்கியவன் கணக்கும் கொடுத்தவன் கணக்கும் வேறுபடுவது புதுமையன்று! ஆலயக் கதவுகளில் தான் பதித்த பொன்தகட்டை எசேக்கியாவே பெயர்த்தெடுத்துக் கொடுத்தான்.

பாடி எருசலேமிலிருந்து வெளிவந்தான். எப்படி வந்தான் என்று கல்வெட்டு விரித்துச் சொல்லவில்லை. சனகெரிப் அவனை வெளிக்கொணர்ந்து மீண்டும் அரியணையில் அமர்த்தியதாக மட்டும் கூறுகிறது. யூதாவின் ஊர்கள் சிலவும் அவனுக்கும், அஸ்தோத்து, காசா ஆகியவற்றின் அரசர்களுக்கும் பகிர்ந்தளிக்கப்பட்டன. தன்னைக் காட்டிக்கொடுத்த தலைவர்களின் பிணங்கள் தொங்கிய ஊருக்குள் அவன் எந்த முகத்தோடு நுழைந்தான் என்று நான் பலமுறை எண்ணிப் பார்த்ததுண்டு. மகிழ்ந்தானா, அஞ்சினானா? அவர்களுடைய உறவினரையும் அவன்தானே ஆளவேண்டும்!

சில பத்தாண்டுகள் சென்றன. எசேக்கியாவின் மகன் மனாசே யூதாவை ஆண்டான். எக்ரோனை இக்காவுசு ஆண்டான். எசரத்தோன் நினிவேயில் அரண்மனை கட்டியபோது, மரமும் கல்லும் கொண்டுவந்து சேர்க்கும்படி 22 அரசர்களுக்கு ஆணையிட்டான். அவர்களுடைய பெயர்களைக் கல்வெட்டு வரிசையாகத் தருகிறது. அதில் யூதாவின் மனாசேயும் இருக்கிறான், எக்ரோனின் இக்காவுசும் இருக்கிறான். கலகம் செய்தவனின் மகனும் ஒரே வரிசையில் நின்று மரம் இழுப்பித்தான். ஆணை காத்த ஊரின் அரசனும் இழுப்பித்தான்.

ஆயினும் எக்ரோன் அந்தக் காலத்தில் செழித்தது. அங்கே அகழ்ந்தவர்கள் ஒலிவ எண்ணெய் ஆட்டும் நூற்றுக்கும் மேற்பட்ட செக்குகளைக் கண்டிருக்கிறார்கள். 1996-இல் அவ்வூர்க் கோயிலொன்றில் ஐந்து வரிகள் பொறித்த கல் ஒன்றும் வெளிப்பட்டது. தன் தேவிக்கு அந்தக் கோயிலைக் கட்டியவன் அதில் தன் முன்னோரை வரிசையாகக் குறிப்பிடுகிறான். அசீரியர் இக்காவுசு என்று எழுதிய அதே பெயர். தந்தையின் பெயர் பாடி. அசீரியர் அவனை அரசன் என்றே எழுதினார்கள். அவனோ தன் ஊரில், தன் கல்லில், தன்னை அரசன் என்று சொல்லிக்கொள்ளவில்லை; எக்ரோனின் தலைவன் என்று மட்டுமே பொறித்திருக்கிறான்.