பெயர் சொல்லிய பெண்மணி

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவு)



"பூக்கடைக்கு விளம்பரம் வேண்டுமா?" என்று நம் பெரியோர் கேட்பதுண்டு. நல்ல பொருள் தன்னைத் தானே அறிவித்துக்கொள்ளும் என்பது அதன் கருத்து. அதில் உண்மை உண்டு. ஆனால் முழு உண்மையன்று. பூவின் மணம் காற்று வீசும் பக்கத்துக்கே செல்லும். அன்றியும், கடைக்காரன் தன் பெயரைப் பலகையில் எழுதி வைத்துவிட்டால், மாலையைக் கட்டிய கை யாருடையது என்பதை மணத்தைக் கொண்டு அறிய இயலாது. கட்டியவர் பெயரை உலகறியச் சொல்வதையே தொழிலாகக் கொண்டு, அத்தொழிலில் எழுபது ஆண்டுகளுக்கு மேல் உழைத்த ஓர் அம்மையாரைப் பற்றி இன்று நாம் சிந்திக்கலாம். அவர் பெயர் எலினோர் லம்பேர்ட்.

அமெரிக்க ஐக்கிய நாட்டின் இந்தியானா மாநிலத்தில் குரோபோர்ட்ஸ்வில் என்னும் சிற்றூரில் 1903ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதம் 10ஆம் திகதி அவர் பிறந்தார். சிற்பியாக வர விரும்பி, இந்தியானாபொலிசிலும் பின்னர் சிக்காகோவிலும் கலை பயின்றார். தாம் முதல்தரச் சிற்பியாக முடியாது என்பதை அவரே உணர்ந்தார். இவ்வாறு உணர்ந்தோர் பலர் மனம் சோர்ந்து கலையை விட்டு விலகுவர். அம்மையாரோ கலையை விடவில்லை; கலைஞருக்குத் துணை நிற்கும் வழியைத் தேடினார். 1925ஆம் ஆண்டளவில் நியூயோர்க் நகரம் சேர்ந்து, விளம்பரத் தொழிலில் புகுந்து, ஓவியர், சிற்பிகள், படக்கூடங்கள் ஆகியோரின் செய்திகளைப் பத்திரிகைகளுக்குக் கொண்டு செல்லும் பணியைத் தொடங்கினார். ஜக்சன் பொலொக், இசாமு நொகுச்சி போன்ற கலைஞருக்காக அவர் உழைத்தார். 1931இல் விற்னி நூதனசாலை திறக்கப்பட்டபோது அதன் முதற் பத்திரிகைத் தொடர்பாளரும் அவரே.

இத்தொழிலைப் பொதுசனத் தொடர்பு என்பர். இது விளம்பரத்தினின்றும் வேறானது. விளம்பரம் செய்பவர் பத்திரிகையில் இடத்தை விலை கொடுத்து வாங்குகிறார். பொதுசனத் தொடர்பாளரோ, ஆசிரியர் தாமாகவே விரும்பி வெளியிடத்தக்க செய்தியைத் தேடிக் கொடுக்கிறார். ஒருமுறை பொய்ச் செய்தி கொடுத்தால் அடுத்தமுறை அந்தக் கதவு திறக்காது. ஆதலால் இத்தொழிலின் மூலதனம் பணமன்று, நம்பிக்கையே.

அக்காலத்து ஆடைத்தொழிலின் நிலையையும் நாம் அறிதல் வேண்டும். உடையின் அழகு பாரிஸ் நகரத்தில் மாத்திரமே பிறக்கும் என்று அமெரிக்கர் எண்ணியிருந்தனர். நியூயோர்க்கில் ஏழாம் அவெனியூத் தொழிற்சாலைகளிலும் திறமைசாலிகள் பலர் இருந்தனர். ஆனால் உடையின் கழுத்துப்புறத்தில் தைக்கும் துணித்துண்டிலே பெரும்பாலும் கடையின் பெயர் அல்லது கம்பெனியின் பெயரே இருக்கும். வடிவமைத்தவர் பின்னறையில் இருப்பார்.

நோமன் நொறெல் என்பவரின் கதை இதற்குத் தக்க சான்று. ஹற்றி கார்னெகி என்னும் பிரபல நிறுவனத்தில் அவர் பன்னிரண்டு ஆண்டுகள் பெயர் வெளிவராமல் உழைத்தார். 1941இல் அந்தனி ட்ரெயினா என்னும் முதலாளி அவரை அழைத்து, பெயர் வேண்டாமென்றால் கூடிய சம்பளம், பெயர் வேண்டுமென்றால் குறைந்த சம்பளம் என்றாராம். நொறெல் சம்பளத்தை விட்டுப் பெயரைத் தெரிந்துகொண்டார். ஒரு தொழிலாளி தன் கைப்பணத்தைக் கொடுத்துத் தன் பெயரையே வாங்க வேண்டியிருந்தது! இவ்வநீதியைப் போக்க முயன்றவர் லம்பேர்ட் ஒருவரல்லர். 1932இலேயே டொரதி ஷேவர் என்ற பெண்மணி லோர்ட் அண்ட் ரெயிலர் கடையில் அமெரிக்க வடிவமைப்பாளரின் பெயரை வெளிப்படையாக அறிவித்தார். ஆனால் அதை ஒரு கடையின் எல்லையைக் கடந்து நாடு முழுவதற்கும் உரிய வழக்கமாக்கியவர் லம்பேர்ட் அம்மையார் எனலாம்.

1940 ஜூனில் ஜெர்மன் படைகள் பாரிசைக் கைப்பற்றின. அங்கிருந்து வந்த புதுமைகள் நின்றன. மற்றவர்கள் இனி என்செய்வோம் என்று திகைத்த வேளையில், அம்மையார் நம்மவரைக் காட்டும் காலம் இதுவே என்று கண்டார். உற்பத்தியாளரும் தையல் தொழிலாளர் சங்கமும் கூடி 1941இல் அமைத்த நியூயோர்க் ஆடை நிலையத்தின் பிரசாரப் பணியில் அவர் ஈடுபட்டார். 1943இல் வெளியூர்ப் பத்திரிகையாளரை நியூயோர்க்குக் கூட்டிவந்து, புதிய உடைகளை ஒரே வாரத்தில் காண ஒழுங்கு செய்தார். இன்று உலகறிந்த நியூயோர்க் ஆடை வாரத்தின் வித்து அதுவே. அதே ஆண்டில் கோட்டி வாசனைத் திரவியக் கம்பெனியின் ஆதரவுடன் அவர் தோற்றுவித்த பரிசு முதன்முறை வழங்கப்பட்டது. பெற்றவர் யார்? குறைந்த சம்பளத்துக்குப் பெயரைத் தெரிந்துகொண்ட அதே நோமன் நொறெல்!

1946இல் உடைக் கலைக்கூடம் ஒன்று மெற்றோபொலிற்றன் நூதனசாலையுடன் இணைந்தது. அதற்கான பணத்தை அதுவே தேடவேண்டியிருந்தது. அம்மையார் 1948இல் நள்ளிரவு விருந்தொன்றை ஏற்பாடு செய்தார். நுழைவுச் சீட்டு 50 டொலர். இன்று ஆண்டுதோறும் மே மாதத்தில் பத்திரிகைகளை நிரப்பும் மெற் காலா என்னும் பெருவிழா அவ்விருந்தின் வழி வந்ததே. 1962இல் அமெரிக்க ஆடை வடிவமைப்பாளர் சபையை நிறுவினார். 1965இல் ஜனாதிபதி ஜோன்சன் அவரைத் தேசியக் கலைக் கழகத்துக்கு நியமித்தார்.

அவருடைய எழுபதாவது வயதில், 1973 நவம்பர் 28ஆம் திகதி, பிரான்சிலுள்ள வேர்சாய் அரண்மனையின் திருத்த வேலைக்கு நிதி திரட்டும் நிகழ்ச்சி நடந்தது. அமெரிக்க வடிவமைப்பாளர் ஐவரும் பிரெஞ்சு வடிவமைப்பாளர் ஐவரும் ஒரே மேடையில் தம் உடைகளைக் காட்டினர். பிரெஞ்சுக்காரருக்குப் பெரிய காட்சிகளும் வாத்தியக் குழுவும் இருந்தன. அமெரிக்கருடைய திரைச்சீலையோ, அளவுக் கணக்கு மாறிப்போனதால் மேடைக்குச் சிறிதாகிவிட்டது. அவர்கள் வெறும் மேடையில், ஒலிப்பதிவு செய்த இசைக்கு நடந்தனர். அவர்களிடையே கறுப்பினப் பெண்கள் பலர் இருந்தனர். வடிவமைப்பாளர் ஐவருள் ஸ்ரீபன் பறோஸ் கறுப்பினத்தவர். சபையோர் கையிலிருந்த நிகழ்ச்சி நிரலை மேலே எறிந்து ஆரவாரித்தனர். பாரிசின் முன்னிலையிலேயே நியூயோர்க்கின் பெயர் நிலைபெற்றது.

இனி, மறுபக்கத்தையும் சொல்லாமல் விடுவது நேர்மையாகாது. 1940 முதல் அம்மையார் நடத்திய சிறந்த உடையணிவோர் பட்டியலில் இடம்பெறச் செல்வச் சீமாட்டிகள் ஏங்கினர். செல்வமும் பகட்டும் அங்கே தகுதி போலத் தோன்றியதை மறுப்பதற்கில்லை. அவர் புகழ்ந்த வடிவமைப்பாளரே அவருக்குக் கூலி கொடுத்தவருமாவர் என்பதையும் மறத்தலாகாது. மேலும், வடிவமைத்தவர் பெயர் வெளியே வந்தது. அவ்வுடையைத் தைத்த ஆயிரக்கணக்கான பெண்களின் பெயர் வரவில்லை. ஒரு திரை விலகியது. அடுத்த திரை அப்படியே நின்றது. எனினும் முதல் திரையை விலக்கியவரைக் குறைகூறி நாம் சும்மா இருந்தால், இரண்டாவது திரையை யார் விலக்குவது?

அம்மையார் தம் பட்டியலை 2002இல்தான் பிறர் கையில் ஒப்படைத்தார். 2003 அக்டோபர் 7ஆம் திகதி, நூறு வயது நிறைந்தபின், காலமானார். அவர் வாழ்நாளிலேயே, 2001இல், வடிவமைப்பாளர் சபை அவர் பெயரால் ஒரு பரிசை நிறுவியது. பிறர் பெயரைச் சொல்லிச் சொல்லியே அவர் தம் பெயரையும் பெற்றார்.

இளைஞர்களே, நம்மில் எத்தனை பேர் வடிவமைப்பாளராகவோ பத்திரிகையாளராகவோ வரப்போகிறோம் என்பது தெரியாது. ஆயினும் இந்த விழா மண்டபத்திலேயே நமக்கொரு வேலை உண்டு. மேடையில் பேசும் எங்கள் பெயர் நிகழ்ச்சி நிரலில் அச்சாகியிருக்கிறது. நேற்று இரவு கண்விழித்துப் பந்தல் போட்டவர் பெயர் அதில் இல்லை. தோரணம் கட்டிய சிறுவர் பெயர் இல்லை. விடியற்காலை முதல் அடுப்படியில் நிற்கும் தாய்மார் பெயரும் இல்லை. அவர்கள் புகழை வேண்டி நிற்பவரல்லர் என்று நாம் சமாதானம் சொல்லலாம். அவர்கள் கேளாமை அவர்களுடைய பெருந்தன்மை. நாம் சொல்லாமை நம்முடைய குறை.

ஆகையால், இவ்வாண்டு மலரின் கடைசிப் பக்கத்தில் அவர்கள் பெயர் ஒவ்வொன்றும் பிழையின்றி அச்சாக வேண்டுமென்று செயலாளரைக் கேட்டுக்கொள்கின்றோம்.