இரண்டாவது மெஷின்

திருப்பூர் பனியன் கம்பெனிகளில் பொதுவாக ஓவர்லாக் மெஷின் ஓட்டுகிறவர் ஒருவர், பிளாட்லாக் மெஷின் ஓட்டுகிறவர் வேறொருவர். ஓவர்லாக், துணியின் ஓரத்தை வெட்டி அதே ஓட்டத்தில் இணைத்துத் தைத்துவிடும். கை மடிப்பு, அடி மடிப்பெல்லாம் பிளாட்லாக்கின் வேலை. இரண்டும் தெரிந்த டெய்லருக்கு ஆர்டர் மாறினாலும் வேலை எளிதில் நிற்காது. இப்போது பருத்தியோடு பாலியஸ்டர் விளையாட்டு உடைகளும் வருகின்றன. வழுக்குகிற, இழுபடுகிற துணி அது. ஊசி, நூலின் இறுக்கம், கையின் பிடி எல்லாமே புதிதாகப் பழக வேண்டும்.

இப்படிப் பழக உதவும் மத்திய ஜவுளி அமைச்சகத்தின் ‘சமர்த்’ திட்டத்துக்கு 2017-இல் ஒப்புதல் கிடைத்தது. புதியவர்களுக்கு மட்டுமல்ல, ஏற்கெனவே வேலையில் இருப்பவர்களுக்கும் பயிற்சி தரும் திட்டம் அது.

ஆனால் பீஸ் ரேட்டில் தைப்பவருக்குப் புது மெஷின் பழகும் நாட்களில் வேகம் குறையும். வாரக் கூலியும் குறையும். ஆசை இருந்தும் தயங்குவதற்கு அது போதும். ஷிப்ட் முடிந்ததும் சமையலுக்கு ஓடுகிற பெண்களை மாலை வகுப்புக்கு அழைப்பதும் நியாயமில்லை. கம்பெனி நடத்துகிறவர்களே, பயிற்சியை வேலை நேரத்திலேயே வையுங்கள். அந்த நேரத்துக்குச் சம்பளமும் கொடுங்கள்.