தென்வானில் ஒரு சிறு மேகம்



டிசம்பர் மாதத்தில், மழை ஓய்ந்து நிலவும் இல்லாத ஓர் இரவு, ஒன்பது மணியளவில் தெற்கு நோக்கி நிற்போம். கையை நீட்டி விரல்களை மடக்கிப் பிடித்தால், தொடுவானிலிருந்து அந்த முட்டியின் உயரத்துக்குச் சற்று மேலே புகைபோல் ஒரு வெண்திட்டுத் தெரியும். அது மழைமேகமன்று. 'சிறிய மெகல்லன் மேகம்' என்னும் நட்சத்திர மண்டலம்.

சிலிபினில் நின்று பார்த்தால் ஈப்போ நகரின் விளக்கொளி அதை மறைத்துவிடும். வெளிச்சமில்லாத தோட்டப்புறத்துக்குப் போக வேண்டும். ஆயினும் நாம் கொடுத்து வைத்தவர்கள். சென்னையில் அது ஏறக்குறைய 4 பாகை உயரமே எழும். இங்கே 12 பாகை வரை எழுகிறது.

நம் பால்வெளி மண்டலத்துக்குச் சுருள் கைகள் உண்டு. ஏறக்குறைய 2 லட்சம் ஒளியாண்டு தொலைவிலுள்ள இதற்கோ ஒழுங்கான வடிவமே இல்லை. ஆகவே இதனை 'ஒழுங்கற்ற குறு மண்டலம்' என்கிறோம். பால்வெளியில் பத்தாயிரம் கோடிக்கு மேற்பட்ட நட்சத்திரங்கள்; இதில் அதைவிட மிகக் குறைவுதான். பால்வெளியும் பக்கத்திலுள்ள பெரிய மெகல்லன் மேகமும் இதை ஈர்த்து உருக்குலைக்கின்றன. இரு மேகங்களுக்கும் இடையே ஹைட்ரஜன் வாயு ஒரு பாலம்போல் நீண்டு கிடக்கிறது. வாயு மிகுதியாக இருப்பதால் இங்கே புதிய நட்சத்திரங்கள் இன்றும் பிறக்கின்றன.

இந்தச் சிறு மண்டலம் நமக்குச் செய்த உதவி பெரிது. இரவில் தூரத்துத் தோட்டத்தின் லயன் வீடுகளைப் பார்க்கிறோம். ஒரு விளக்கு மங்கலாகவும் இன்னொன்று பிரகாசமாகவும் தெரிகிறது. எல்லா வீடுகளும் நமக்கு ஏறக்குறைய ஒரே தூரம். ஆகவே வேறுபாடு விளக்கில்தான் இருக்கிறது. இந்த மேகத்து நட்சத்திரங்களும் அப்படித்தான்.

அமெரிக்காவின் ஹார்வர்ட் வானாய்வு நிலையத்தில் பணிபுரிந்த ஹென்ரியெட்டா லெவிட் அம்மையார், இங்கே சீராக ஒளி கூடிக் குறையும் 25 நட்சத்திரங்களை ஆராய்ந்தார். கூடிக் குறையும் காலம் நீண்டால் நட்சத்திரத்தின் உண்மை ஒளியும் அதிகம் என்று 1912-இல் காட்டினார். உண்மை ஒளி தெரிந்தால், கண்ணுக்குத் தெரியும் ஒளியோடு ஒப்பிட்டுத் தூரத்தைக் கணக்கிடலாம். எட்வின் ஹபிள் 1923-இல் ஆண்ட்ரோமெடாவில் அத்தகைய நட்சத்திரம் ஒன்றைக் கண்டார். அது பால்வெளிக்கு அப்பாலுள்ள தனி மண்டலம் என்பது அதனால் உறுதியாயிற்று.

முன்பு தோட்டங்களில் மின்சாரம் நின்றதும் வானம் முழுவதும் தெரியும். இன்று அந்த இருளைத் தேடிப் போக வேண்டியிருக்கிறது. தெருவிளக்குகளுக்கு மேல்மூடி இட்டால் ஒளி தரையில் விழும், வானம் கெடாது. நம் பிள்ளைகளும் அந்த மேகத்தைக் கண்ணால் காணட்டும்.