கேஸ் ஏஜென்சியும் கோர்ட் கேஸும்

 

'தொழிலில் கற்ற பாடம்' பற்றிப் பேசும்படி செயலாளர் சொன்னார். பாலம், அணை என்றெல்லாம் சொல்லப் போவதில்லை. என் நண்பன் ஒருவன் கேஸ் ஏஜென்சி கேட்கப் போய்க் கோர்ட் கேஸோடு திரும்பிய கதையைச் சொல்கிறேன். அதில் என் பங்கும் உண்டு.

முதலில் கொஞ்சம் பழைய கதை. பெட்ரோல் பங்க், கேஸ் ஏஜென்சி என்றாலே ஒரு காலத்தில் 'யாரைத் தெரியும்?' என்றுதான் கேட்பார்கள். மத்திய பெட்ரோலிய அமைச்சர் தன் விருப்ப உரிமையில் கொடுத்த 15 பெட்ரோல் பங்க் ஒதுக்கீடுகளை 1996-இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. பிறகு தேர்வு வாரியங்கள், இன்டர்வியூ, மார்க். அதிலும் சிபாரிசு புகுந்துவிட்டது என்று பத்திரிகைகள் எழுதின. உடனே, 2000 ஜனவரி முதல் வாரியங்கள் பரிந்துரைத்த ஒதுக்கீடுகள் அனைத்தையும் 2002 ஆகஸ்டில் மத்திய அரசு ஒரே உத்தரவில் ரத்து செய்தது. நேர்மையாகப் பெற்றவர்களும் அதில் மாட்டிக்கொண்டார்கள். 'ஒட்டுமொத்தமாக ரத்து செய்தது செல்லாது' என்று அதே டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. புகாருக்கு ஆளான 413 ஒதுக்கீடுகளை மட்டும் இரண்டு முன்னாள் நீதிபதிகள் கொண்ட குழு ஆராயட்டும் என்றது.

2009-இல் வந்த ராஜீவ் காந்தி கிராமப்புறத் திட்டத்தில் குலுக்கல் முறை வந்தது. அதன் பிறகு சண்டை நிலத்தின் மேல் திரும்பியது. குலுக்கலில் பெயர் வந்தாலே ஏஜென்சி கைக்கு வந்த மாதிரி என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை சார்! அதற்கப்புறம்தான் கள ஆய்வு. 8,000 கிலோ கோடவுனுக்கு மனை குறைந்தது 25 மீட்டருக்கு 30 மீட்டர் இருக்க வேண்டும். சொந்தமாகவோ, பதிவு செய்த 15 வருஷக் குத்தகையாகவோ, விண்ணப்பத்தின் கடைசித் தேதிக்குள் கையில் இருக்க வேண்டும். 14.2 கிலோ சிலிண்டர் 560-க்கு மேல் அடுக்கும் இடம். சுற்றிலும் பாதுகாப்பு இடைவெளி விட்டால்தான் வெடிபொருள் துறை லைசென்ஸ் கொடுக்கும்.

2017-இல் என் பள்ளித் தோழன் விண்ணப்பித்தான். "நீ இன்ஜினியர்தானே, மனையை அளந்து கொடுடா" என்றான். ரோட்டோரம் அளந்தேன், 25.4 மீட்டர். பின்பக்கம் ஒரே கருவேலம் புதர். 'அங்கேயும் அவ்வளவுதான் இருக்கும்' என்று வரைபடத்தில் எழுதிக் கையெழுத்தும் போட்டேன்.

குலுக்கலில் அவன் பெயர் வந்தது. தெருவுக்கே இனிப்புக் கொடுத்தான். கள ஆய்வில் பின்பக்கம் 24.3 மீட்டர்! அம்மாவின் நகையை அடகு வைத்துப் பக்கத்து மனையில் ஒரு பட்டை நிலம் வாங்கினான். பத்திரத்தின் தேதி கடைசித் தேதிக்குப் பிந்தியது. விண்ணப்பம் தள்ளுபடி. உயர் நீதிமன்றத்தில் ரிட் போட்டு இரண்டு வருஷம் அலைந்தான், அதுவும் தள்ளுபடி. நிபந்தனை எல்லோருக்கும் ஒன்றே. ஒருவருக்குத் தளர்த்தினால், அதற்குக் கட்டுப்பட்டு விண்ணப்பிக்காமல் இருந்தவர்களுக்கு அநீதி என்பதுதான் தீர்ப்பின் சாரம். யோசித்துப் பார்த்தால் நியாயம்தான்.

"விடுடா, நம்ம நேரம்" என்றான் அவன். நேரத்தைக் குறை சொல்லி என்ன பயன்? அரை மணி நேரம் புதரை வெட்டி அளந்திருந்தால், அந்தப் பட்டை நிலத்தை முன்கூட்டியே வாங்கியிருப்பான். நகையை மீட்கும் கடனில் பாதியை இப்போது நான் கட்டுகிறேன். அதற்கு மேல் என்னால் என்ன செய்ய முடியும்?

மாணவத் தம்பி தங்கைகளே, சர்வே லேபில் நான்கு பக்கமும், மூலைவிட்டமும் அளக்கச் சொன்னால் அலுத்துக்கொள்ளாதீர்கள். நாளை நீங்கள் போடும் கையெழுத்தை நம்பி ஒரு குடும்பம் நகையை அடகு வைக்கும். அளக்காத பக்கத்தை 'அளக்கவில்லை' என்றே எழுதுங்கள்.