லாபூட்டாவின் காந்தக்கல்



கலிவர் என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது லில்லிபுட் தீவும், அங்கே ஆறு அங்குலம்கூட உயரமில்லாத மனிதர்கள் அவனைக் கயிற்றால் கட்டிப்போட்ட காட்சியும்தான். ஜோனதன் ஸ்விஃப்ட் 1726-ல் வெளியிட்ட அந்தக் கலிவர் கதை நூலில் மொத்தம் நான்கு பாகங்கள். மூன்றாம் பாகத்தில், வானில் மிதக்கும் ஒரு தீவு வருகிறது. பெயர் லாபூட்டா. அரசனும் அவையினரும் மேலே அதில் வாழ்கிறார்கள். அவர்கள் ஆளும் நாடான பால்னிபார்பி கீழே தரையில் கிடக்கிறது.

கதைகளில் பறக்கும் பொருள்களுக்குக் குறைவில்லை. பெரும்பாலும் மந்திரம் சொன்னால் பறக்கும், அதற்கு மேல் கேள்வி கிடையாது. ஸ்விஃப்ட் அப்படி விட்டுவிடவில்லை. தீவு வட்டமானது, குறுக்களவு 7,837 கஜம், தடிப்பு 300 கஜம் என்று கணக்குச் சொல்கிறார். அடித்தளம் முழுவதும் வைரம்போல் கடினமான ஒரே பாறைத் தகடு. தீவின் நடுவே ஒரு பள்ளம், அதன் வழியே இறங்கினால் வானியலாளர்களின் குகை. அங்கேதான் அந்தக் கருவி இருக்கிறது: நெசவாளரின் தறி நாடா போன்ற வடிவில், 6 கஜ நீளமுள்ள ஒரு காந்தக்கல். அதன் நடுவே ஓர் அச்சு ஊடுருவிச் செல்கிறது. எடை அவ்வளவு துல்லியமாகச் சமன்செய்யப்பட்டிருப்பதால், மிக மெலிந்த கையாலும் அந்தக் கல்லைத் திருப்பிவிட முடியும்.

கல்லின் ஒரு முனை பூமியை ஈர்க்கும், மறுமுனை விலக்கும். ஈர்க்கும் முனையைக் கீழே திருப்பினால் தீவு இறங்கும். விலக்கும் முனை கீழே வந்தால் ஏறும். சாய்த்து வைத்தால் சாய்வாக நகரும், கிடைமட்டமாக நிறுத்தினால் அந்தரத்தில் அப்படியே நிற்கும்.

புவியீர்ப்பை வெல்வதற்கு அவர் காந்தத்தைத் தேர்ந்தது பொருத்தமான தேர்வு. பூமியே ஒரு பெரிய காந்தம் என்று வில்லியம் கில்பர்ட் 1600-ல் எழுதியிருந்தார். நியூட்டனின் ஈர்ப்பு விதி 1687-ல் நூலாக வந்துவிட்டது. ஆனாலும், தொடாமலே இழுக்கவும் தள்ளவும் செய்கிற விசையைச் சாதாரண மனிதன் தன் கையால் உணர்ந்து பார்க்க அன்று இருந்த பொருள் காந்தம்தான்.

இந்தக் கருவிக்கு ஸ்விஃப்ட் எல்லைகளும் வைத்தார். நான்கு மைலுக்கு மேல் தீவு ஏறாது. அந்தக் கல்லின் விசைக்குக் கட்டுப்படும் தாது அரசனின் நாட்டு மண்ணில் மட்டுமே உண்டு, ஆகவே தீவு நாட்டு எல்லையைத் தாண்டாது. கதையின் உயிர் இந்த எல்லைகளில் இருக்கிறது என்பது என் உறுதியான எண்ணம். தன் நாட்டை விட்டு வெளியே போக முடியாத வானூர்தியால் அயல்நாட்டைப் பிடிக்க முடியாது. சொந்தக் குடிகளின் தலைக்கு மேல் நிற்பதற்குத்தான் அது உதவும்.

அப்படித்தான் நடக்கிறது. ஓர் ஊர் கலகம் செய்தால், வரி கட்ட மறுத்தால், அரசன் தீவை அந்த ஊருக்கு மேலே கொண்டுவந்து நிறுத்துவான். வெயிலும் இல்லை, மழையும் இல்லை. பஞ்சமும் நோயும் வரும். மேலிருந்து பாறைகள் விழும். அதற்கும் அடங்காவிட்டால், தீவையே ஊரின் மேல் இறக்கி நசுக்கிவிடலாம். ஆனால் அந்தக் கடைசி ஆயுதத்தை எடுக்க அரசனுக்குத் தயக்கம். ஊரில் உயரமான கோபுரங்களோ கற்பாறைகளோ இருந்தால் தீவின் அடித்தகடு விரிசல் விட்டுவிடக்கூடும். அமைச்சர்களும் சம்மதிக்க மாட்டார்கள், அவர்களுடைய நிலபுலன்கள் எல்லாம் கீழேதான் இருக்கின்றன!

லிண்டலினோ என்ற நகரத்து மக்கள் இதை நன்றாகப் புரிந்துகொண்டவர்கள். நகரின் நான்கு மூலைகளிலும் கோபுரங்கள் எழுப்பி, அவற்றின் உச்சியிலும் நடுவே இருந்த ஒரு பாறையின் உச்சியிலும் பெரிய காந்தக்கற்களைப் பதித்துவைத்தார்கள். தீவு வந்து வெயிலை மறைத்தது. மனு அனுப்புவதற்காக மேலிருந்து நூல்கள் தொங்கின. ஒருவரும் மனு கட்டி அனுப்பவில்லை, கோரிக்கைகளைத்தான் அனுப்பினார்கள். கோபம்கொண்ட அரசன் தீவைக் கீழே இறக்கச் சொன்னான். வழக்கத்தைவிட வேகமாக இறங்கியது, நிலைநிறுத்தவே அதிகாரிகள் திணறினார்கள். முதிய அதிகாரி ஒருவர், அடித்தகட்டின் கல்லில் ஒரு துண்டைக் கயிற்றில் கட்டிக் கீழே விட்டுப் பார்த்தார். நான்கு கஜம் இறங்குவதற்குள் கீழேயிருந்து வந்த இழுப்பில் அதைத் திரும்ப மேலே எடுப்பதே அவருக்குப் பெரும்பாடாகிவிட்டது. அரசன் பணிந்தான். தீவு இன்னும் சற்றுத் தாழ்ந்திருந்தால் அதை அங்கேயே சிறைப்பிடித்து, அரசனைக் கொன்று, ஆட்சியையே மாற்றிவிட அந்த மக்கள் தீர்மானித்திருந்தார்களாம். நடுவே பெரிய ஆறு ஓடும் அந்த நகரம் எது என்று, ஸ்விஃப்ட் வாழ்ந்த டப்ளினின் மக்களுக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை.

அங்கே நடந்ததும் இதே போன்ற கதைதான். 1722-ல் வில்லியம் வுட் என்ற ஆங்கிலேயருக்கு, அயர்லாந்துக்கான செப்பு நாணயங்களை அடிக்கும் உரிமையை லண்டன் அரசு கொடுத்தது. அயர்லாந்து மக்களை யாரும் கலந்துபேசவில்லை. டப்ளின் செயின்ட் பேட்ரிக் தேவாலயத்தின் தலைமைக் குரு ஸ்விஃப்ட், 1724-ல் ஒரு துணி வியாபாரியின் பெயரில் கடிதங்கள் வெளியிட்டு, அந்தக் காசைக் கையால் தொடாதீர்கள் என்று மக்களைக் கேட்டுக்கொண்டார். எழுதியவரைக் காட்டிக்கொடுத்தால் 300 பவுண்டு பரிசு என்று அறிவித்தார்கள். எழுதியவர் யார் என்பது ஊருக்கே தெரியும். ஒருவர்கூடக் காட்டிக்கொடுக்கவில்லை. அடுத்த ஆண்டே வுட்டின் உரிமை திரும்பப் பெறப்பட்டது. லண்டனின் பிடி இறங்கி வரக்கூடிய ஆழத்துக்கும் ஓர் எல்லை உண்டு என்பதை ஸ்விஃப்ட் கண்ணால் பார்த்துவிட்டுத்தான் லிண்டலினோவை எழுதினார்.

அந்தப் பகுதி அவர் காலத்தில் அச்சேறவில்லை. ஸ்விஃப்டின் நண்பர் சார்ல்ஸ் ஃபோர்டின் பிரதியில் கையெழுத்தாகவே தங்கியிருந்து, 1899-ல்தான் அச்சுக்கு வந்தது. அதனால் பழைய பதிப்புகளில் அது இருக்காது, சுருக்கப் பதிப்புகளிலும் எதிர்பார்க்க முடியாது. உங்கள் வீட்டிலோ நூலகத்திலோ முழுமையான பதிப்பு இருந்தால், மூன்றாம் பாகத்தின் மூன்றாம் அத்தியாயத்தைத் திறந்து லிண்டலினோ இருக்கிறதா என்று பாருங்கள்.