புலிக்கு அஞ்சாதவளும் அழுதாள்

(பிள்ளைகளின் துணிவு பற்றிய தொலைக்காட்சிக் கருத்தரங்கில் அறிவிப்பாளர் ஒருவர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

 

எனக்கு முன்னால் பேசியவர்கள் பிள்ளைகளிடம் துணிவை எப்படி வளர்ப்பது என்று அழகாக எடுத்துச் சொன்னார்கள். நான் வேறோர் இடத்திலிருந்து தொடங்க வேண்டியிருக்கிறது. ஒரு பிள்ளையின் அழுகையை நிறுத்தியவள் நான். அதற்காக எல்லாரும் என்னைப் பாராட்டினார்கள். நான் செய்தது தவறு என்று எனக்குப் புரிய மூன்று மாதம் ஆனது.

2016-ஆம் ஆண்டு. என் அக்காள் மகனுக்கு அப்போது ஐந்து வயது. தெலுக் இந்தானில் பாலர் பள்ளிக்குப் போய்க்கொண்டிருந்தான். இரண்டு வாரமாகக் காய்ச்சல் விட்டு விட்டு வந்தது. முகம் வெளுத்துப்போனது. அடிபடாமலேயே காலில் நீலம் நீலமாகக் கன்றிய தடங்கள். டிங்கியாக இருக்குமோ என்று கிளினிக்கில் ரத்தம் எடுத்தார்கள். அன்று மாலையே பெரிய மருத்துவமனைக்குப் போகச் சொன்னார்கள். நான்காம் நாள் கோலாலம்பூரில் இருந்தோம். லுகேமியா, அதாவது ரத்தப் புற்றுநோய் என்றார்கள்.

அத்தானுக்கு லோரி ஓட்டும் வேலை. நினைத்த நேரத்தில் விடுப்பு கிடைக்காது. அக்காளுக்குத் துணையாக நான்தான் வேலை முடிந்ததும் நேராக வார்டுக்குப் போவேன். முதல் வாரங்களில், கையில் ஊசிக்குழாய் ஏற்ற நரம்பு கிடைக்காமல் தாதியர் தேடுவார்கள். மூன்று பேர் அவனைப் பிடித்துக்கொள்ள வேண்டும். அவன் போடும் கூச்சல் லிஃப்ட் வரைக்கும் கேட்கும். ஒருநாள் நான் குனிந்து, நிகழ்ச்சியில் பிள்ளைகளோடு பேசும் அதே குரலில் அவன் காதில் சொன்னேன்: "நீ சிங்கக்குட்டிடா. சிங்கம் அழுமா? நீ அழுதா அம்மாவும் அழுவாங்க."

அடுத்த முறை அவன் அழவில்லை. அதற்கடுத்த முறையும் அழவில்லை. உதட்டைக் கடித்துக்கொண்டு மின்விசிறியையே பார்த்துக்கொண்டிருப்பான். "பெரானி பெத்துல்!" என்று மலாய்த் தாதி கட்டைவிரலை உயர்த்துவார். எங்கள் குடும்பத்துக்கே பெருமையாக இருந்தது. உறவினர் யார் வந்தாலும் அவனைக் காட்டி, "ஒரு சொட்டுக் கண்ணீர் கிடையாது" என்று சொல்வோம்.

மூன்று மாதம் கழித்து ஓர் இரவு, அக்காள் குளிக்கப் போயிருந்த நேரம். "சின்னம்மா, ஒன்னு கேட்கவா? அம்மாகிட்ட சொல்லக்கூடாது" என்றான். "கேளு" என்றேன். "சிங்கத்துக்குப் பயம் வந்தா அது யார்கிட்ட சொல்லும்?"

தொடர்புத்துறையில் டிப்ளோமா படித்தபோது, ஒலிபரப்பில் ஐந்து வினாடி அமைதி விழுந்தாலே அது பெரிய பிழை என்று சொல்லிக் கொடுத்தார்கள். அமைதி விழுந்தால் உடனே எதையாவது சொல்லி நிரப்ப வேண்டும். அன்றைக்கு எனக்கு எதுவும் வரவில்லை. அவன் பக்கத்தில் படுத்துக்கொண்டேன். கொஞ்ச நேரம் கழித்து, "சின்னம்மாவுக்கும் பயமாத்தான் இருக்கு" என்று மட்டும் சொன்னேன். அவன் அழுதான், மூன்று மாதத்துக்கான அழுகையை.

அதற்குப் பிறகுதான் இதைப் பற்றித் தேடிப் படிக்கத் தொடங்கினேன். மைரா புளூபாண்ட்-லாங்னர் என்ற அமெரிக்க மானிடவியலாளர், ரத்தப் புற்றுநோயால் மருத்துவமனையில் இருந்த மூன்று முதல் ஒன்பது வயதுப் பிள்ளைகளோடு பல மாதங்கள் இருந்து கவனித்ததை 1978-இல் நூலாக வெளியிட்டார். அக்காலத்தில் அந்த நோய்க்கு ஆளான பிள்ளைகளில் பெரும்பாலோர் பிழைக்கவில்லை. பெரியவர்கள் யாரும் அவர்களிடம் உண்மையைச் சொல்லவில்லை. ஆனாலும் பிள்ளைகளுக்குத் தெரிந்திருந்தது. மருந்துகளின் பெயர் தெரியும். பக்கத்துக் கட்டில் ஏன் காலியானது என்பதும் தெரியும். தங்களுக்குத் தெரியும் என்பது அம்மா அப்பாவுக்குத் தெரிந்துவிடக் கூடாது என்று மறைத்தார்கள். இரு தரப்பும் ஒருவரை ஒருவர் காப்பாற்றுவதற்காக நடித்துக்கொண்டிருந்தன. ஐந்து வயதுப் பிள்ளை தன் தாயைக் காப்பாற்றும் வேலையைத் தோளில் சுமக்கிறது என்றால், அந்தச் சுமையை ஏற்றி வைத்தவர்கள் யார்? எங்கள் வீட்டில் அது நான்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், இது கனமான செய்தி. சுவீடனில் புற்றுநோயால் பிள்ளையை இழந்த 429 பெற்றோரிடம் ஆய்வாளர்கள் கேட்டார்கள். அதன் முடிவு 2004-இல் வெளிவந்தது. பிள்ளையிடம் மரணத்தைப் பற்றி மனம்விட்டுப் பேசியவர்கள் 147 பேர். ஏன் பேசினோம் என்று அவர்களில் ஒருவர்கூட வருந்தவில்லை. பேசாமல் இருந்தவர்களில் கால்வாசிக்கும் மேற்பட்டோர் வருந்தினார்கள்.

பயந்துவிடாதீர்கள். இன்று நிலைமை வேறு. பிள்ளைகளுக்கு வரும் இந்த லுகேமியாவில், நல்ல சிகிச்சை கிடைக்கும் இடங்களில் பத்தில் ஒன்பது பேர் பிழைக்கிறார்கள். நம் நாடும் சிங்கப்பூரும் சேர்ந்து 'மா-ஸ்போர்' என்ற சிகிச்சைத் திட்டத்தைத் தொடங்கின. உடலில் மிச்சமிருக்கும் நோயை நுணுக்கமாக அளந்து, ஆபத்துக் குறைந்த பிள்ளைகளுக்கு மருந்தின் கடுமையைக் குறைப்பது அதன் வழி.

இப்போது படப் புத்தகங்களுக்கு வருகிறேன்.

அந்த இரவுக்குப் பிறகு நான் புத்தகக் கடைக்குப் போய்த் தேடியது, மருத்துவமனைக்குப் போகும் பிள்ளையின் கதை. கிடைத்தது 'மேடலின்'. லுட்விக் பெமெல்மன்ஸ் எழுதி வரைந்து 1939-இல் வெளிவந்தது. பாரிஸ் நகரில் ஒரு பழைய வீட்டில் பன்னிரண்டு சிறுமிகள். அவர்களில் ஆகச் சிறியவள் மேடலின். எலிக்குப் பயப்பட மாட்டாள். மிருகக்காட்சிச் சாலையில் புலியைப் பார்த்துக்கூட அலட்சியம். அப்படிப்பட்டவள் ஒரு நள்ளிரவில் கட்டிலில் உட்கார்ந்து, கண் சிவக்க அழுகிறாள். குடல்வால் நோய். டாக்டர் வருகிறார், போர்வையில் சுற்றித் தூக்கிக்கொண்டு போகிறார்கள், அறுவை முடிகிறது. பார்க்க வந்த தோழிகளிடம் வயிற்றுத் தழும்பைப் பெருமையாகக் காட்டுகிறாள்.

பெமெல்மன்ஸ் 1938-இல் பிரெஞ்சுத் தீவு ஒன்றில் சைக்கிள் விபத்தில் சிக்கி மருத்துவமனையில் கிடந்தார். அடுத்த அறையில் குடல்வால் அறுவை செய்துகொண்ட ஒரு சிறுமி இருந்தாள். கூரையில் இருந்த விரிசல் சில நேரம் முயலைப்போலத் தெரிந்ததாம். அந்த முயல் புத்தகத்திலும் இருக்கிறது.

நான் ஆங்கிலத்தைப் பார்த்துத் தமிழில் கதை சொன்னேன். நம் பையனுக்குத் தழும்புப் படம் பிடிக்கும் என்று நினைத்திருந்தேன். அவன் திரும்பத் திரும்பப் பார்த்தது அவள் அழும் பக்கத்தை. "புலிக்குப் பயப்படாதவ ஏன் அழுதா?" என்றான். "வலிச்சுது, அதான்" என்றேன். "யாரும் திட்டலையா?" "இல்லையே, டாக்டருக்குப் போன் போட்டாங்க." அதுதான் அவனுக்கு வேண்டியிருந்தது. அழுதால் யாராவது உதவிக்கு வருவார்கள் என்ற செய்தி. அழுகையை அடக்கியிருந்தால் மேடலினின் குடல்வால் வெடித்திருக்கும், கதையும் அங்கேயே முடிந்திருக்கும்.

அச்சமே கூடாது என்று வள்ளுவரும் சொல்லவில்லை. அஞ்ச வேண்டியதற்கு அஞ்சாமல் இருப்பதைப் பேதைமை என்றே சொன்னார். மேடையில் குறள் ஒப்புவிக்கும் நாம் வார்டுக்குள் போனதும் அதை மறந்துவிடுகிறோம்.

அதன்பின் எங்கள் பேச்சு மாறியது. "வலிக்காது" என்று சொல்வதை நிறுத்தினோம். அது பொய் என்று முதல் ஊசியிலேயே அவனுக்குத் தெரிந்துபோயிற்று. பிறகு நாம் சொல்லும் எதை நம்புவான்? "வலிக்கும். பத்து எண்ணுறதுக்குள்ள முடிஞ்சிடும். கத்தலாம், கையை மட்டும் ஆட்டக்கூடாது" என்றோம். தோலை மரத்துப்போகச் செய்யும் களிம்பு இருக்கிறது. ஊசிக்கு ஏறத்தாழ ஒரு மணி நேரம் முன்பே தடவ வேண்டும். கேட்டால் கொடுப்பார்கள் என்பதே எங்களுக்குத் தெரியாமல் இருந்தது. நேயர்களே, கேளுங்கள்.

மருந்தையும் பெயர் சொல்லியே அறிமுகப்படுத்தினோம். வின்கிரிஸ்டின் என்ற மருந்து நித்தியகல்யாணிச் செடியிலிருந்து எடுக்கப்படுவது. தெலுக் இந்தானில் அவன் பாட்டி வீட்டு வாசலிலேயே இளஞ்சிவப்பாகப் பூத்துக் கிடக்கும். மலாயில் கெமுந்திங் சீனா என்பார்கள். சிலர் அதையே சுடுகாட்டு மல்லி என்று ஒதுக்குவார்கள். "பாட்டி வீட்டுப் பூவா?" என்று அவன் கண்ணை விரித்ததை மறக்க முடியாது. (யாரும் இலையைப் பறித்துக் கஷாயம் வைத்துவிடாதீர்கள். செடி நஞ்சு, பிரித்தெடுத்து அளந்து கொடுத்தால்தான் மருந்து.)

பிறகு நாங்களே ஒரு புத்தகம் செய்தோம். சென்னையின் தூலிகா போன்ற பதிப்பகங்கள் நல்ல தமிழ்ப் படப் புத்தகங்கள் போடுகின்றன. ஆனால் நம் வார்டு, நம் தாதியர், நம் மைலோ குவளை இருக்கும் புத்தகம் கடையில் கிடைக்காது. ஒரு பள்ளி நோட்டுப் புத்தகம், வண்ணப் பென்சில், போதும். கதாநாயகன் சிங்கம்தானே என்று கேட்டேன். வேண்டாம் என்றான். சாங் கஞ்சில் வேண்டுமாம். நம் நாட்டுப் பிள்ளைகள் எல்லாருக்கும் தெரிந்த அந்தச் சருகுமான், ஆற்றைக் கடக்க முதலைகளை வரிசையாக நிற்க வைத்து, எண்ணுவதுபோல் முதுகின்மேல் தாவிப் போகுமே, அது. அதற்கு முதலையைக் கண்டால் பயம். பயப்படாமல் ஆற்றில் இறங்கியிருந்தால் முதலைக்கு இரையாகியிருக்கும். பயந்ததால்தான் யோசித்தது. எங்கள் புத்தகத்தில் முதலைகளுக்குப் பதில் ஊசிகள். ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டே தாவும்.

இவ்வளவு நேரம் நோயாளிப் பிள்ளையைப் பற்றியே பேசினேன். நாங்களும் அப்படித்தான் இருந்தோம். அவனுக்கு ஒன்பது வயதில் ஓர் அக்காள் இருந்தாள். அவளைப் பாட்டி வீட்டில் விட்டிருந்தோம். வாரம் ஒருமுறை தொலைபேசியில் "நல்லா படிக்கிறியா?" என்று கேட்பதோடு சரி. தீபாவளி முடிந்து அவளைப் பார்க்கப் போனபோது, தனக்குக் கிடைத்த அங்பாவ் பணம் 43 ரிங்கிட்டையும் என் அக்காள் கையில் வைத்து, "தம்பி மருந்துக்கு" என்றாள். நாங்கள் நெகிழ்ந்துபோய்க் கட்டிக்கொண்டோம். அவள் விலகி நின்று சொன்னாள்: "நான்தான் அவனைப் படியில தள்ளிவிட்டேன். கால் நீலமானது என்னாலதான்." ஆறு மாதமாக அந்தக் குழந்தை அதை மனத்துக்குள்ளேயே வைத்திருந்திருக்கிறாள். தள்ளியதால் இந்த நோய் வராது என்று ஒருவரும் அவளுக்குச் சொல்லவில்லை. அவளும் அழவில்லை, பார்த்தீர்களா? அவளையும் நாங்கள் "நல்ல பிள்ளை" என்று பாராட்டிக்கொண்டுதான் இருந்தோம்.

கெவின் ஹெங்க்ஸ் என்ற அமெரிக்கர் 1987-இல் வெளியிட்ட 'ஷீலா ரே' கதையை அவளுக்காகவே வாங்கினேன். எதற்கும் அஞ்சாதவள் என்று பெருமை பேசும் ஓர் எலிக்குட்டி, புது வழியில் போய்த் தொலைந்துபோகிறது. கோழை என்று அது கேலி செய்த தங்கைதான் பின்னாலேயே வந்து வீட்டுக்கு வழி காட்டுகிறது. கட்டிலில் படுத்திருப்பவரைப் பற்றியே எல்லாரும் பேசும்போது, கூட வருபவரைப் பற்றி ஒரு கதையாவது வேண்டும் அல்லவா?

என் துறையைப் பற்றியும் சொல்லாமல் போவது நியாயமில்லை. நிதி திரட்டும் நிகழ்ச்சிகளில் நோயுற்ற பிள்ளையைக் 'குட்டிப் போராளி' என்று அறிமுகப்படுத்துகிறோம். குணமானால் 'நோயை வென்ற வீரன்'. நானும் அப்படி எழுதியிருக்கிறேன். எங்கள் வார்டில் மகளைப் பறிகொடுத்த ஒரு தாய் பிறகு ஒருநாள் என்னிடம், "என் பொண்ணும் நல்லாத்தானே போராடினா?" என்று கேட்டார். அன்றிலிருந்து அந்தச் சொல்லை என் எழுத்துப் படியில் நான் எழுதுவதில்லை.

அவன் சிகிச்சை இரண்டு ஆண்டுக்கும் மேல் நீடித்து 2018-இல் முடிந்தது. இன்று இடைநிலைப் பள்ளியில் படிக்கிறான். கடைசி ஊசி நாளன்று எல்லாரும் போயிருந்தோம், அக்காளும் பள்ளிக்கு லீவு போட்டு வந்திருந்தாள். அவன் தாதியிடம் முன்கூட்டியே அறிவித்துவிட்டான்: "மிஸ்ஸி, நான் இன்னைக்குச் சத்தமா அழப்போறேன்." சொன்னபடியே அழுதான். அக்காள் அவன் கையைப் பிடித்துக்கொண்டு பத்து வரைக்கும் எண்ணினாள். அவனுக்குக் கோபம் ஊசிமேல் இல்லை. ஏழுக்கும் எட்டுக்கும் நடுவில் இவள் ஏன் இவ்வளவு நேரம் நிறுத்தினாள் என்று வீடு வரைக்கும் சண்டை.