சாந்தா நடந்த சாலை

இந்தக் கருத்தரங்கில் மூத்தவர்கள் முன்வரிசையில் இருக்க, நான் தலைமை நாற்காலியில் இருப்பது கூச்சமாக இருக்கிறது. குரல் நடுங்கினால் கேமரன் மலையின் தானா ராத்தா குளிர் என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

‘மலேசியத் தமிழ்த் திரைப்படமும் சமூகமும்’ என்ற பொதுத் தலைப்பைக் கட்டுரைகள் பார்த்துக்கொள்ளும். என் குறை வேறு. வந்த கட்டுரைகளில் பெரும்பாலானவை சஞ்சய் குமார் பெருமாளின் ‘ஜகாட்’ (2015) படத்தைப் பற்றியவை. அதற்குப் பத்தாண்டு முன்பே தீபக் குமாரன் மேனன் ‘செம்மண் சாலை’ படத்தை எடுத்துவிட்டார். அவர் பெயர் அடிக்குறிப்போடு நின்றுவிடுகிறது.

முன்பொரு கருத்தரங்கில் நண்பர் ஒருவர் ‘செம்மண் சாலை’யை வெறும் ‘விழாப் படம்’ என்றார். அதன் நாயகி சாந்தா பல்கலைக்கழகம் போக ஆசைப்படுகிறாள். இதில் அரசியல் எங்கே என்று கேட்டார். நான் எழுந்தபோது நேரம் முடிந்ததென்று மணி அடித்துவிட்டார்கள். இன்று மணி என் மேசையில் இருக்கிறது.

படம் 1960களின் ரப்பர்த் தோட்டத்தில் நடக்கிறது. அது தோட்டத் துண்டாடல் காலம். வெள்ளைக்காரக் கம்பெனிகள் விற்ற தோட்டங்கள் கூறுபோடப்பட்டன. தொழிலாளர் குடியிருந்த லயத்து வீடு தோட்டத்துக்குச் சொந்தம். எனவே வேலை போனால் கூரையும் போனது. துன் வீ.தி. சம்பந்தன் 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கியது இதற்காகத்தான். விடியலில் பெரட்டு என்ற ஆள்கணக்கெடுப்புக்கு நின்று, உளியும் வாளியுமாக மர நிரைக்குப் போகும் குடும்பத்தில் ஒரு பெண் படிப்பைப் பிடித்துக்கொள்கிறாள் என்றால், அது வெறும் ஆசையா? கோஷம் போடாததால் அரசியல் இல்லை என்பதை நான் ஏற்கவில்லை.

2007இல் வந்த ‘சலங்கை’யில் தீபக் தோட்டத்திலிருந்து நகரத்துப் பிரிக்ஃபீல்ட்ஸுக்கு வந்துவிடுகிறார். அம்மா பூக்கட்டி விற்கிறாள், அண்ணன் கார் கழுவுகிறான், சிறுமி உமா பரதம் கற்க ஏங்குகிறாள். தோட்டத்தை இழந்தவர்கள் நகரத்தில் என்ன ஆனார்கள் என்ற கேள்வி இங்கேயே எழுந்துவிட்டது. தொண்ணூறுகளின் புறம்போக்குக் குடியிருப்பில் வளரும் ‘ஜகாட்’டின் அப்போய் அதே வரிசையில் வருபவன். ‘ஜகாட்’டைக் குண்டர் கும்பல் படமாக மட்டும் படிப்பவர்கள், தீபக்கின் இந்த இரண்டு படங்களையும் பார்க்காமல் படிக்கிறார்கள்.

2016 மலேசியத் திரைப்பட விழாவில் தேசிய மொழி அல்லாத படங்களைத் தனிப் பிரிவில் ஒதுக்கியபோது கலைஞர்களே எதிர்த்தார்கள். விதி மாறியது, சிறந்த மலேசியப் படம் ‘ஜகாட்’ என்று அறிவித்தார்கள். மகிழ்ச்சிதான். ஆனால் அந்தக் கதவைப் பத்தாண்டுக்கு முன்பே தட்டியவரை அந்த வெற்றி மறக்கடித்துவிடக் கூடாது.

இன்னொரு குறையும் உண்டு. நாம் கூடியிருக்கும் இந்தக் கேமரன் மலையில் ‘போ’ தேயிலைத் தோட்டம் தொடங்கியது 1929இல். அந்த லயங்களில் வாழ்ந்தவர்களைப் பற்றிய முழுநீளப் படம் எதையும் இந்த நிரலில் காணோம். இதை இளையவர்களிடம் விடுகிறேன்.

தீர்மானக் குழுவுக்கு ஒரே வேண்டுகோள்: ‘செம்மண் சாலை’யின் நல்ல பிரதி நம் பல்கலைக்கழக நூலகங்களில் மாணவர் கைக்கு எட்ட வேண்டும் என்பதை முதல் தீர்மானமாகச் சேருங்கள். மறுப்பவர்கள் பிற்பகல் அமர்வில் வாருங்கள், பேசுவோம்.